பௌவத்தின் ஓதிகள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மஸ்கெலியாப் பக்கத்தில் ஒரு தோட்டப் பாடசாலையில் விஞ்ஞானம் படிப்பிக்கிறேன். மின்சாரம் போன ஒரு மழை நாளில், தரம் 7 பிள்ளைகளைச் சத்தம் போடாமல் உட்கார வைப்பதற்காகச் சொல்லத் தொடங்கிய கதைதான் பௌவம். நிலமே இல்லாத ஒரு கடல் உலகம். அதில் பாடிக்கொண்டு திரியும் ஓதி என்னும் பேருயிர்கள். ஆறு வருடங்களாக வளர்ந்துகொண்டிருக்கிறது. பிள்ளைகள் சத்தம் போடாமல் உட்கார்ந்ததாக மட்டும் நினைவில்லை. முதலில் அவர்கள் கேள்வி கேட்டார்கள். பிறகு அவர்களுடைய அக்காமார், கொழும்பில் கடைகளில் வேலை செய்யும் அண்ணன்மார், இரண்டொரு தாத்தாமார் என்று பெருகிவிட்டார்கள். ஒரே கேள்விக்கு இருபதாம் முறை பதில் எழுதிய இரவில் இதை எழுத முடிவு செய்தேன்.

மலையில் இருந்துகொண்டு எதற்கு டீச்சர் கடல் கதை?

அதிகம் பேர் கேட்பது இதைத்தான். கேட்கும் தொனியில் "உனக்கு ஏன் இந்த வேலை" என்பதும் கொஞ்சம் கலந்திருக்கும்.

நான் முதன்முதலில் கடலைக் கிட்டப் பார்த்தபோது எனக்குப் பத்தொன்பது வயது. அதற்கு முன் தூரத்தில் பார்த்திருக்கிறேன். சிவனொளிபாத மலை உச்சியில் விடியற்காலை வானம் தெளிவாக இருந்தால் மேற்கே ஒரு வெள்ளிக் கோடு தெரியும். அதுதான் கடல் என்று அப்பா காட்டினார். 2,243 மீற்றர் உயரத்தில் நின்று பார்த்த ஒரு கோடு, பக்கத்தில் போய்ப் பார்த்ததைவிடப் பெரிதாக மனதில் தங்கிவிட்டது.

இன்னொன்றும் உண்டு. தண்ணீருக்குள் ஒரு ஊர் இருப்பது எங்கள் பிள்ளைகளுக்குக் கதையே அல்ல. மவுசாகலை நீர்த்தேக்கம் கட்டியபோது பழைய மஸ்கெலியா நகரம் அப்படியே மூழ்கிப் போனது. கடும் வறட்சி வந்து நீர் வற்றினால் பழைய கோயிலும் பள்ளிவாசலும் வெளியே தலைகாட்டும். ஊரே கரையில் நின்று பார்க்கும். மழை தொடங்கினால் மறுபடியும் உள்ளே போய்விடும். அப்படிப்பட்ட இடத்தில் வளரும் பிள்ளைக்கு ஆழம் என்றால் என்னவென்று விளக்க வேண்டியதில்லை.

கற்களைக் கேட்டாலும் கடல் கதைதான் சொல்லும். கண்டி, மாத்தளைப் பக்கம் வெட்டியெடுக்கும் பளிங்குப் பாறைகள் ஐம்பது கோடி வருடங்களுக்கும் முன்னர் ஏதோ ஒரு கடலின் அடியில் படிந்த சுண்ணாம்பு; பிறகு பூமிக்குள் வெந்து உருமாறியவை.

பௌவம், ஓதி: இந்தப் பெயர்கள் எங்கிருந்து வந்தன?

பௌவம் சங்க நூல்களில் கடலுக்கு வழங்கும் பெயர். ஓதம் என்றாலும் கடல், அலை. தேவாரம் பாடுபவரை ஓதுவார் என்கிறோம். இரண்டையும் முடிச்சுப் போட்டு ஓதி என்று வைத்தேன். ஓய்வுபெற்ற தமிழாசிரியர் ஒருவர், "மகளே, பழந்தமிழில் ஓதி என்றால் பெண்ணின் கூந்தல்" என்று கடிதம் எழுதினார். சரிதான். பெயரை மாற்ற மனம் வரவில்லை. அதனால் ஓதியின் வயிற்றுக்குக் கீழே நீண்ட இழைகளைத் தொங்கவிட்டேன். இப்போது பெயரும் பொருந்துகிறது, படமும் அழகாக இருக்கிறது.

ஓதி எவ்வளவு பெரியது?

நம் பூமியின் நீலத் திமிங்கிலம் ஏறத்தாழ 30 மீற்றர் வரை வளரும். பத்துக் காம்பரா உள்ள ஒரு லயத்தின், அதாவது அறைகள் வரிசையாக ஒட்டிய தோட்ட வீட்டின், நீளம் என்று வைத்துக்கொள்ளுங்கள்: இந்தத் தொங்கல் காம்பராவில் தலை, அந்தத் தொங்கலில் வால். வளர்ந்த ஓதிக்கு நான்கு லயங்களை வரிசையாக வைக்க வேண்டும், 120 மீற்றர்.

"ஏன் டீச்சர் ஒரு கிலோமீற்றர் வைக்கக்கூடாது?" என்று பையன்கள் கேட்பார்கள். பையன்கள்தான் கேட்பார்கள். தண்ணீர் தாங்குவதால் எடை பெரிய பிரச்சினை இல்லை. சாப்பாடுதான் பிரச்சினை. நீளம் இரண்டு மடங்கானால் உடல் எட்டு மடங்கு கனக்கும், ஆனால் வாயின் பரப்பு நான்கு மடங்குதான் கூடும். வாய் வயிற்றுக்கு ஈடுகொடுக்க முடியாமல் பின்தங்கிவிடும். 120 மீற்றரே கொஞ்சம் ஆசைப்பட்ட கணக்குத்தான். மெதுவாக வாழ்கிறது என்று சொல்லிச் சமாளிக்கிறேன். அதற்கும் ஆதாரம் இருக்கிறது: 2019இல் வெளியான ஆய்வில் நீலத் திமிங்கிலத்தின் உடலில் கருவியை ஒட்டி நாடித் துடிப்பை அளந்தார்கள். ஆழத்துக்குப் போனபோது நிமிடத்துக்கு இரண்டு துடிப்பு வரை இறங்கியிருந்தது. நான் ஓதிக்கு நிமிடத்துக்கு ஒன்று கொடுத்தேன்.

ஓதிக்கு நுரையீரல் உண்டா? எதைக் கொண்டு பாடுகிறது?

இதில்தான் நான் மாட்டிக்கொண்டேன். முதல் வருடக் கதையில் ஓதி திமிங்கிலத்தைப் போல மேலே வந்து மூச்சு விட்டது, தண்ணீரைப் பீச்சியது, எல்லாம் செய்தது. தரம் 8 மாணவி ஒருத்தி கையை உயர்த்தினாள். "திமிங்கிலத்தின் பாட்டன் தரையில் நடந்தது என்று நீங்கள்தானே சொன்னீர்கள்? அதனால்தானே அதற்கு நுரையீரல்? பௌவத்தில் தரையே இல்லையே டீச்சர்."

வகுப்பு முழுவதும் என் முகத்தைப் பார்த்தது. அவள் சொன்னது முழுக்கச் சரி. ஏறத்தாழ ஐந்து கோடி வருடங்களுக்கு முன் வாழ்ந்த, நான்கு கால் உள்ள விலங்குகளின் வழிவந்ததுதான் திமிங்கிலம். அவற்றின் எலும்புகள் பாகிஸ்தானில் கிடைத்திருக்கின்றன. காற்றைச் சுவாசிப்பது அந்தத் தரை வாழ்க்கையிலிருந்து கொண்டுவந்த சீதனம். தரை இல்லாத உலகில் அந்தச் சீதனம் எங்கிருந்து வரும்?

ஒரு தவணை முழுவதும் கதையை நிறுத்திவைத்து யோசித்தேன். விடை மீன்காரரிடம் இருந்தது. கத்தாளை மீன் தெரியும்தானே? பிடித்துத் தூக்கினால் கொர் கொர் என்று சத்தம் போடும். தொண்டையால் அல்ல. அதன் வயிற்றுக்குள் காற்றுப்பை ஒன்று இருக்கிறது; மிதப்பதற்காக உள்ளது. அதைச் சுற்றியுள்ள தசைகள் வேகமாகச் சுருங்கி விரிந்து அந்தப் பையை அதிர வைக்கின்றன. சொல்லப்போனால் மீன் தன் வயிற்றுக்குள் ஒரு தப்பு மேளத்தை வைத்து அடிக்கிறது. ஆழ்கடல் மீன்களில் சிலவற்றுக்கும் இப்படிக் காற்றுப்பையோடு ஒட்டிய தசைகள் உண்டு.

இரண்டாம் வருடத்திலிருந்து ஓதிக்குச் செவுளும், ஒரு பெரிய வீட்டளவு காற்றுப்பையும் வந்தன. தப்பை நெருப்பில் காட்டிச் சூடேற்றினால் தோல் இறுகிச் சுருதி ஏறுமல்லவா? ஓதிக்கு நெருப்பு வேண்டாம், ஆழம் போதும். கீழே போகப் போக நீரின் அழுத்தம் பையை நெருக்கும், ஒலி மேலேறும். மேலே வந்தால் தளர்ந்து இறங்கும். ஆகவே ஓதி சுருதி மாற்ற வேண்டுமானால் உடம்போடு ஏறி இறங்க வேண்டும். ஒரு ராகத்தைப் பாடி முடிப்பதற்குள் அரை மலை ஏறி இறங்கியது போலாகிவிடும். வரைபடத்தில் ஓதியின் பாட்டை நாங்கள் கோடாக வரைவது அதனால்தான்: அது நீந்திய வழியும் அதுவே, பாடிய மெட்டும் அதுவே.

உண்மையான திமிங்கிலத்தின் குரல் எப்படி உண்டாகிறது என்பது தெளிவானதே சமீபத்தில்தான். 2024இல் வெளியான ஆய்வின்படி, பல்லில்லாத பெரிய திமிங்கிலங்களின் குரல்வளையில் ஒரு குருத்தெலும்பு வளைந்து, எதிரே உள்ள கொழுப்பு மெத்தையோடு அழுந்தி அதிர்கிறது. காற்றை வெளியே விடாமலே பாட முடிகிறது.

ஓதி பாடினால் நமக்குக் கேட்குமா?

கேட்காது. உணர முடியும்.

மனிதக் காது விநாடிக்கு 20 அதிர்வு முதல் கேட்கும். அதற்குக் கீழே போனால் ஒலி இருக்கும், நமக்குக் காது இருக்காது. நீலத் திமிங்கிலத்தின் குரலே அந்த எல்லையில்தான் நிற்கிறது. ஓதி பாடுவது விநாடிக்கு நான்கைந்து அதிர்வு.

என் அப்பா ஸ்டோரில், அதாவது தேயிலைத் தொழிற்சாலையில், வேலை செய்தவர். சிறுமியாக அவருக்குச் சோறு கொண்டுபோவேன். கொழுந்து வாட்டும் மாடியில் பெரிய மின்விசிறிகள் ஓடும். படியில் கால் வைக்கும்போதே உள்ளங்காலில் ஏறி நெஞ்சுக்குழியில் உட்கார்ந்துகொள்ளும் ஒரு முழக்கம். சோற்றுக் கிண்ணத்தின் மூடி நடுங்கும். விசிறியை நிறுத்திய பிறகுதான் இவ்வளவு நேரம் ஏதோ இருந்தது என்றே தெரியும். ஓதியின் குரல் எப்படி இருக்கும் என்று கேட்கும் பிள்ளைகளுக்கு நான் சொல்வது அந்த மூடியைத்தான்.

1984இல் கேட்டி பேய்ன் என்ற ஆய்வாளர் அமெரிக்காவில் ஒரு மிருகக்காட்சிசாலையில் யானைகளுக்குப் பக்கத்தில் நின்றபோது காற்றில் இப்படி ஒரு துடிப்பை உணர்ந்தார். காதுக்கு ஒன்றும் எட்டவில்லை. ஒலிப்பதிவை வேகமாக ஓட்டிப் பார்த்தபோது யானைகள் ஒன்றோடொன்று குரல் கொடுத்துக்கொண்டிருந்தது தெரிந்தது. அவர் அதற்கு முன் பல வருடங்கள் திமிங்கிலப் பாட்டைக் கேட்டுப் பழகியவர் என்பதைக் கவனியுங்கள்.

ஒரு ஓதியின் பாட்டு எவ்வளவு தூரம் போகும்?

எனக்கு மிகவும் பிடித்த கேள்வி. தேநீர் ஊற்றிக்கொண்டு வந்து உட்காருங்கள்.

காற்றில் ஒலி விநாடிக்கு 340 மீற்றர் போகும். கடலில் ஏறத்தாழ 1,500 மீற்றர். வேகம் மட்டும் அல்ல, வழியும் உண்டு. கடலின் மேற்பகுதி வெதுவெதுப்பானது. அங்கே ஒலி வேகமாகப் போகும். மிக ஆழத்தில் அழுத்தம் அதிகம், அங்கேயும் வேகம். நடுவில், வெப்பக் கடல்களில் ஏறத்தாழ ஒரு கிலோமீற்றர் ஆழத்தில், ஒலி மிக மெதுவாகப் போகும் ஓர் அடுக்கு இருக்கிறது. ஒலி எப்போதும் மெதுவான பக்கம் வளையும். மேலே போக முயன்றால் கீழே வளையும், கீழே போனால் மேலே வளையும். தேயிலை மலையில் கானுக்குள், அதாவது மழைநீர் ஓடும் வாய்க்காலுக்குள், ஒரு போளையை (கோலிக்குண்டை) உருட்டிவிட்டுப் பாருங்கள்: இந்தக் கரையில் ஏறும், அந்தக் கரையில் ஏறும், வெளியே மட்டும் வராது, கான் போகும் இடமெல்லாம் போகும். கடலின் நடுவில் ஒலிக்கு அப்படி ஒரு கான் வெட்டப்பட்டிருக்கிறது.

1960இல் அவுஸ்திரேலியாவின் பேர்த் நகருக்கு அப்பால் கடலுக்குள் வெடி வைத்தார்கள். அந்தச் சத்தம் அத்திலாந்திக் சமுத்திரத்தில் பெர்மியூடாத் தீவருகே ஒலிவாங்கியில் பதிவானது. இடைத்தூரம் கிட்டத்தட்ட 20,000 கிலோமீற்றர்; போய்ச் சேர ஏறத்தாழ மூன்றே முக்கால் மணி நேரம். உலக உருண்டையில் பேர்த்தையும் பெர்மியூடாவையும் விரலால் தொட்டுப் பாருங்கள். ஏறக்குறைய ஒன்றுக்கு நேர் எதிரே மற்றது.

இனிப் பௌவத்துக்கு வாருங்கள். அதுவும் பூமியின் பருமன்தான். ஆனால் தடுப்பதற்கு ஆபிரிக்கா இல்லை, இலங்கை இல்லை, ஒரு கல்லுக்கூட இல்லை. ஓர் ஓதி பாடினால், குளத்தில் கல் விழுந்த வட்டம் போல் ஒலி எல்லாத் திசையிலும் விரியும். பாதி உலகம் வரைக்கும்தான் விரியும். அதன் பிறகு உருண்டையின் மறுபக்கம் குறுகத் தொடங்கும், வட்டமும் குறுகும். மூன்றே முக்கால் மணி நேரம் கழித்து, உலகின் நேர் எதிர்ப்புள்ளியில் அந்த வட்டம் ஒரு புள்ளியாகக் கூடும். வழியெல்லாம் மெலிந்து வந்த பாட்டு அங்கே மறுபடியும் கனத்துக் கேட்கும்.

அங்கே ஓர் ஓதி இருந்தால் அதற்குப் பாட்டு எந்தத் திசையிலிருந்து வரும்? பிள்ளைகளிடம் இதைக் கேட்டுவிட்டுக் கொஞ்ச நேரம் வாயை மூடிக்கொள்வேன். யாராவது ஒருவர் கண்டுபிடித்துவிடுவார்: எல்லாத் திசையிலிருந்தும்.

பாடுகிறவள் எங்கே என்று அதற்குத் தெரியவே தெரியாது. மூடுபனிக்குள் கொழுந்து எடுக்கும்போது யாரோ கூப்பிடுவார்கள். மேல் மலையா, கீழ் மலையா, பக்கத்து நிரையா என்று பிடிபடாது. பனியே கூப்பிடுவது போல் இருக்கும். அம்மா சொல்வார்: அந்த நேரத்தில் தேடிப் போகக்கூடாது, நின்ற இடத்தில் நின்று திருப்பிக் குரல் கொடுக்க வேண்டும். ஓதியும் அதைத்தான் செய்கிறது. எதிர்ப்புள்ளியில் இருக்கும் இணையை நாங்கள் "மறுகோடி" என்று பெயரிட்டிருக்கிறோம். ஒவ்வோர் ஓதிக்கும் ஒரு மறுகோடி. ஒன்று நகர்ந்தால் மற்றதும் நகர வேண்டும், இல்லையென்றால் பாட்டுக் கூடும் இடம் தப்பிவிடும். இரண்டும் சந்திக்கவே முடியாது. சந்திக்கப் புறப்பட்டால் பாட்டுக் கேட்காமல் போய்விடும்.

அத்தோடு நிற்காது. எதிர்ப்புள்ளியில் கூடிய ஒலி அதைத் தாண்டி மீண்டும் விரிந்து, ஏழரை மணி நேரத்தில் பாடியவளிடமே திரும்பி வரும். மாலை ஆறு மணிக்குப் பாடியது நள்ளிரவு தாண்டி ஒன்றரை மணிக்கு அவளைச் சுற்றி நான்கு பக்கமும் வந்து நிற்கும். தன் பழைய பாட்டின் மேல் புதிய பாட்டை வைத்துப் பாடும் ஓதிகளைப் பற்றி மூன்றாம் வருடக் கதை முழுவதும் எழுதினேன்.

அவை பேசிக்கொள்வது என்ன? பாட்டின் பொருளைச் சொல்லுங்கள்.

சொல்ல மாட்டேன். வற்புறுத்திக் கேட்ட அண்ணன்மாருக்கும் இதே பதில்தான்.

1971இல் றோஜர் பேய்னும் ஸ்கொட் மெக்வேயும் கூனல் திமிங்கிலங்களின் ஒலி வெறும் கத்தல் அல்ல, ஒழுங்கான பாட்டு என்று எழுதினார்கள். சிறு துண்டுகள் சேர்ந்து அடி, அடிகள் திரும்பத் திரும்ப வந்து ஒரு பகுதி, பகுதிகள் வரிசையாக வந்து ஒரு பாட்டு. இத்தனை வருடங்கள் கேட்டும் "இதற்கு இது பொருள்" என்று அகராதி போட எவராலும் முடியவில்லை. உண்மைத் திமிங்கிலத்துக்கே இல்லாத மொழிபெயர்ப்பை என் கற்பனைப் பிராணிக்குக் கொடுத்தால் அது மனிதர் மாதிரி வசனம் பேசத் தொடங்கிவிடும். பேசினால் புத்தி சொல்லும். புத்தி சொல்ல அதிபர் இருக்கிறார்.

பாட்டு மாறுவதைப் பற்றிக் கேளுங்கள், மணிக்கணக்கில் சொல்வேன். 1990களின் நடுவில் அவுஸ்திரேலியாவின் கிழக்குக் கரையில் பாடிய கூனல் திமிங்கிலங்களுக்கு நடுவே மேற்குக் கரைப் பாட்டைப் பாடும் சிலர் வந்து சேர்ந்தார்கள். இரண்டே வருடங்களில் கிழக்குக் கரை முழுவதும் தன் பாட்டை விட்டுவிட்டுப் புதிய பாட்டைப் பாடியது. கிழக்கு அவுஸ்திரேலியாவில் பிறக்கும் பாட்டு தீவு தீவாகத் தாண்டிப் பிரெஞ்சுப் பொலினீசியா வரை போவதாக 2011இல் இன்னோர் ஆய்வு காட்டியது. மாசியில் காமன் கூத்துப் பார்ப்பவர்களுக்கு இது புதினம் இல்லை. மதனும் ரதியும் அதே மதனும் ரதியும்தான். ஆனால் பக்கத்துத் தோட்டத்து மெட்டு நன்றாக இருந்தால் அடுத்த வருடம் இங்கே கேட்கும், "இது எங்கள் தாத்தா காலத்து மெட்டு" என்று சத்தியமும் செய்வார்கள்.

ஆண் பாடுமா, பெண் பாடுமா?

பூமியில் நீண்ட பாட்டுப் பாடுவது ஆண் கூனல் திமிங்கிலம். பௌவத்தில் கிழவிகள். லயத்தில் தாலாட்டும் ஒப்பாரியும் யாருடைய வாயில் கேட்டிருக்கிறீர்கள்?

என்ன சாப்பிடும்? நிலமில்லாத கடலில் உரம் எங்கே?

கண்ணுக்குத் தெரியாத மிதவைப் பாசி, அதைத் தின்னும் சின்னஞ்சிறு இறால் வகைகள். உரம் ஓதிகளின் சாணி. சிரிக்க வேண்டாம். ஆழத்தில் சாப்பிட்டு மேலே வந்து கழிப்பதால், திமிங்கிலங்கள் இரும்புச் சத்தை வெயில் படும் நீருக்குக் கொண்டுவந்து சேர்க்கின்றன. அதில் பாசி செழிக்கிறது. நம் நாட்டுக் கடலாய்வாளர் ஆஷா டி வோஸ் 2003இல் இலங்கைக்கு அப்பால் நீலத் திமிங்கிலங்களுக்கு நடுவே கடலில் மிதந்த சிவப்பு நிறச் சாணியைப் பார்த்துத்தான், இவை இந்த வெப்பக் கடலிலேயே சாப்பிடுகின்றன என்பதைக் கவனித்தார். உரம் போடாத மலையில் கொழுந்து வராது என்று தெரிந்த பிள்ளைகள் இதை அரை நிமிடத்தில் புரிந்துகொண்டார்கள்.

ஓதியை விழுங்கும் பிராணி உண்டா?

பையன்கள் இதை வாராவாரம் கேட்கிறார்கள். நம் முன்னோர் இந்த ஆசையை எப்போதோ தீர்த்துவிட்டார்கள்: திமி என்பது பெருமீன், அதை விழுங்குவது திமிங்கிலம், அதையும் விழுங்குவது திமிங்கிலகிலம். இதற்கு மேல் நான் போவதாக இல்லை.

பௌவம் எவ்வளவு ஆழம்?

நாற்பது கிலோமீற்றர். நம் கடலின் மிக ஆழமான இடம் பதினொரு கிலோமீற்றருக்குச் சற்றுக் குறைவு. நூறு என்று வைத்திருந்தால் அடியில் உள்ள நீர், குளிரே இல்லாமல், அழுத்தத்தாலேயே பனிக்கட்டியாக இறுகிவிடும். சூடான பனிக்கட்டியை விளக்க ஒரு பாடவேளை போதாது.

இப்படி ஓர் உலகம் உண்மையில் இருக்க முடியுமா?

வியாழனின் நிலாவான யுரோப்பாவில் பனி ஓட்டுக்குக் கீழே பெரிய கடல் ஒன்று இருப்பதற்கு நல்ல சான்றுகள் உண்டு. பூமியின் கடல்கள் அனைத்தையும்விட அதிக நீர் இருக்கலாம் என்கிறார்கள். அதை ஆராய 2024 ஒக்டோபரில் ஒரு விண்கலம் புறப்பட்டது. 2030இல் போய்ச் சேர வேண்டும். என் தரம் 7 பிள்ளைகள் அப்போது பெரிய வகுப்புப் பிள்ளைகளாகியிருப்பார்கள். அங்கே பாட்டுக் கேட்கும் என்று நான் யாரிடமும் சொல்லவில்லை.

நம் நாட்டில் உண்மையாகப் பாடும் பேருயிரைப் பார்க்க முடியுமா?

முடியும். மிரிசைக்கு அப்பாலும் திருகோணமலைக்கு அப்பாலும் நீலத் திமிங்கிலங்கள் வருகின்றன. மற்றக் கடல்களின் நீலத் திமிங்கிலங்கள் துருவத்துக்கும் வெப்பக் கடலுக்கும் போய்வர, இவை வருடம் முழுவதும் இந்து சமுத்திரத்தின் வடபகுதியிலேயே தங்கிவிடுகின்றன. இவற்றின் பாட்டும் தனி. ஒலிப்பதிவைக் கேட்டாலே இது இலங்கைப் பக்கத்துப் பாட்டு என்று ஆய்வாளர்கள் பிரித்துச் சொல்கிறார்கள். கவலைக்குரிய விடயம், தேவேந்திரமுனைக்குத் தெற்கே செல்லும் பெருங்கப்பல் பாதை இவை உணவெடுக்கும் இடத்தின் மேலேயே போகிறது. மோதிச் சாகின்றன. சாகாதவற்றுக்கும் இரவு பகலாக இயந்திர இரைச்சல்.

எங்கள் பிள்ளைகளைக் கூட்டிப்போக இரண்டு முறை திட்டமிட்டேன். ஒரு முறை மண்சரிவால் பாதை மூடியது. மறுமுறை பஸ் காசு சேரவில்லை.

தனியாகப் பாடும் ஓதி உண்டா? 52 ஹேர்ட்ஸ் திமிங்கிலத்தைப் போல?

1989இல் பசிபிக் சமுத்திரத்தில் முதலில் பதிவான குரல் அது; விநாடிக்கு 52 அதிர்வு. வழக்கமான திமிங்கிலக் குரலைவிடச் சுருதி கூடியது. "உலகிலேயே தனிமையான திமிங்கிலம்" என்று ஊரெல்லாம் அழுதது. மற்றத் திமிங்கிலங்களுக்கு அந்தச் சுருதி கேட்கும். குரல் வித்தியாசமாக இருந்தால் ஆள் தனியாகத்தான் இருப்பான் என்பது நம் முடிவு. எங்கள் வகுப்பில் கீச்சுக் குரல் உள்ள பையனுக்குத்தான் கூட்டாளிகள் அதிகம்.

இது நம் ஆட்களின் கதைதானே?

ஒரு தாத்தா கேட்டார். முதலில் இல்லை என்று எழுதினேன். பிறகு கடிதத்தை அனுப்பாமல் வைத்துக்கொண்டேன்.

1964ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தப்படி இலங்கையில் இருந்த இந்திய வம்சாவளியினரில் 5,25,000 பேரை இந்தியா ஏற்க வேண்டும் என்று இரு நாடுகளும் எழுதிக்கொண்டன. தலைமன்னார் வரை கோச்சி (ரயில்), அங்கிருந்து கப்பல். ஸ்டேசன்களில் எழுந்த சத்தத்தினால் அந்தக் கோச்சிக்கு அழுகைக் கோச்சி என்று பெயர். என் அம்மாயியின் தங்கை அதில் போனார். கூடலூர்ப் பக்கம், அங்கேயும் தேயிலைதான். அம்மாயிக்கு எழுத்துத் தெரியாது. யாரையாவது பிடித்துக் கடிதம் எழுதுவிப்பார். பதில் வருவதற்குள் மழைக்காலம் ஒன்று முடிந்திருக்கும். சந்தித்துக்கொள்ளவில்லை.

மறுகோடியைப் பற்றி எழுதும்போது இதை நினைக்கவில்லை. ஒலியின் கணக்கைத்தான் போட்டுக்கொண்டிருந்தேன். தாத்தாவின் கடிதத்துக்குப் பிறகு அந்தப் பகுதியை வாசித்தபோது கணக்கு மட்டும்தான் என்று சொல்ல வாய் வரவில்லை.

ஓதி செத்தால் என்ன ஆகும்?

மூழ்கும். பூமியில் ஒரு திமிங்கிலம் இறந்து கடலடியில் விழுந்தால் அந்த உடலை நம்பி ஒரு ஊரே உண்டாகிறது: மீன்கள், நண்டுகள், எலும்பைத் துளைத்துண்ணும் புழுக்கள், பக்றீரியாக்கள் என்று பல பத்தாண்டுகளுக்கு. கலிபோர்னியாவுக்கு அப்பால் 1987இல் அப்படி ஓர் எலும்புக்கூட்டை நீர்மூழ்கியில் போனவர்கள் தற்செயலாகக் கண்டார்கள். பௌவத்திலும் அப்படித்தான், ஆனால் விழ அதிக நேரம் எடுக்கும்.

மற்ற ஓதிகள் அன்று பாடுவதை நிறுத்திவிடும். இறந்தவளின் கடைசிப் பாட்டு உலகைச் சுற்றி முடியும் வரை, ஏழரை மணி நேரம். அது இறந்த இடத்துக்குத் திரும்பி வந்து கூடும்போது அங்கே யாரும் இருக்க மாட்டார்கள். அந்த வட்டம் கடந்த பிறகு மறுகோடி முதலில் தொடங்கும். அந்தப் பகுதியை வகுப்பில் வாசித்த அன்று மணி அடித்தும் யாரும் எழும்பவில்லை. ஆறு வருடத்தில் அன்று ஒரு நாள்தான் சத்தம் இல்லை.

நாங்களும் பௌவத்தில் கதை எழுதலாமா?

தாராளமாக. ஓதியின் முதுகில் யாரும் சவாரி போகக்கூடாது. ஓதி தமிழ் பேசக்கூடாது. சிங்களமும்தான். சுவருக்குள் அடைத்து டிக்கெட் போட்டுக் காட்டக்கூடாது. மற்றதெல்லாம் உங்கள் விருப்பம்.

அடுத்த பகுதி எப்போது?

எழுதியாகிவிட்டது. வரைபடம்தான் பாக்கி. தரம் 8 பிள்ளைகள் நான்கு அட்டைகளை ஒட்டிக் கடலுக்கு நீலம் அடித்திருக்கிறார்கள். இந்த மாதம் முழுவதும் பனி. மூன்று நாளாகக் காயப் போட்டும் நீலம் கையில் ஒட்டுகிறது. ஸ்டோரில் கொழுந்து வாட்டும் மாடியில் ஒரு மூலை தருவதாகச் சொல்லியிருக்கிறார்கள். திங்கட்கிழமை கொண்டுபோகிறோம்.